ஏரி காத்தது யார்?

காற்று கெட்டது, நீர் கெட்டது, நிலமும் கெட்டது. கெட்ட பின்னர் உலகம் கண் விழித்தது. விழித்த உலகின் முன்னே இன்று எல்லாச் சமய மேடைகளும் ஒரே பல்லவியைப் பாடுகின்றன: "இயற்கையைக் காக்கும் வழி எங்கள் திருமறையில் என்றோ எழுதப்பட்டுவிட்டது!" மரத்தை வணங்கச் சொன்னோம், ஆற்றை அன்னை என்றோம், பாம்புக்கும் பாலூற்றினோம் என்று பட்டியல் நீள்கிறது. கேட்கும் இளைஞர்களும், "ஆகா, நம் முன்னோர் அறியாததும் உண்டோ!" என்று மயங்கி நிற்கின்றனர்.

மயக்கம் தெளிய வேண்டுமானால் ஒரு கேள்வி போதும். எழுதி வைத்தது ஏடு; சரி. காத்தது யார்?

நாவல் மரத்தின் பெயரைத் தாங்கி நிற்கிறது நாவலூர். மேற்கே சிற்றேரிகளின் தொடர்; கிழக்கே பக்கிங்காம் கால்வாய்; இடையே பழைய மாமல்லபுரம் சாலை. அந்தச் சாலை இன்று கணினித் தொழிலின் கடைவீதி. வானை முட்டும் மாளிகைகள் எழுந்த அதே நிலத்தில், 2015 டிசம்பரில் வெள்ளம் வீடு புகுந்ததையும், கோடை வந்தால் தண்ணீர் வண்டிகள் வரிசை வரிசையாக ஓடுவதையும் நாம் காண்கிறோம். மழையில் மூழ்குவதும் வெயிலில் தவிப்பதும் ஒரே ஊர்! ஏரி என்பது என்ன, அதைக் காப்பது எப்படி என்பதை மறந்த சமுதாயத்துக்குக் கிடைக்கும் கூலி இது. ஆகவே திருமறைகளின் வழக்கை மண்டபத்தில் வைத்து ஆராய்வதினும் ஏரிக்கரையில் வைத்து ஆராய்வதே முறை. கரையைத் தேடி நெடுந்தொலைவு போக வேண்டியதில்லை. நம் செங்கற்பட்டு மாவட்டத்திலேயே மதுராந்தகம் இருக்கிறது.

மதுராந்தகத்தில் கோயில் கொண்டுள்ள தெய்வத்துக்கு, 'ஏரி காத்த இராமர்' என்று பெயர். ஏன் அந்தப் பெயர்? தலக்கதை சொல்வதைக் கேளுங்கள். கும்பினியார் காலத்தில் லயோனல் பிளேசு என்பார் இப்பகுதிக்குக் கலெக்டர். பெருமழை பெய்யும்போதெல்லாம் மதுராந்தகம் ஏரி உடைத்துக்கொள்ளும். அவர் பழுது பார்ப்பார். கோயிலார் அவரை அணுகித் தாயாருக்கு ஒரு சன்னிதி கட்டித் தருமாறு வேண்டினர். "ஆண்டுதோறும் உடைகின்ற ஏரியைக் காக்காத கடவுளுக்கு எதற்குச் சன்னிதி?" என்ற பொருள்படத் துரை கேட்டாராம். பிறகு ஒரு மழை இரவு. ஏரி நிரம்பித் ததும்புகிறது. கரை நிலைக்குமா என்று பார்க்கப் போன துரையின் கண்ணுக்கு, வில்லேந்திய இருவர் கரைமீது காவல் நிற்பது தெரிந்ததாம். கரை உடையவில்லை. துரை மண்டியிட்டார், சன்னிதி எழுந்தது. அவர் பெயரைக் கல்லிலும் பொறித்து வைத்தனர்.

கதை நன்றாகத்தான் இருக்கிறது. கதைக்குள்ளே வரலாறு ஒன்று ஒளிந்திருக்கிறது. அதைத்தான் நாம் வெளியே இழுக்க வேண்டும்.

செங்கற்பட்டுச் சீமை 1763இல் ஆர்க்காட்டு நவாபால் கும்பினியாருக்கு சாகீராக வழங்கப்பட்டது. 1780இல் ஐதர் அலியின் படையெடுப்பு. ஊர்கள் எரிந்தன, உழவர் ஓடினர், பஞ்சம் வந்தது. ஆளில்லாத ஊரில் ஏரியைப் பார்ப்பார் ஏது? மதகு சிதைந்தது, கரை கரைந்தது, வண்டல் மேடிட்டது. அந்த நிலையில்தான், 1790களின் நடுவில், பிளேசு கலெக்டரானார். நிலவரி வேண்டும் கும்பினிக்கு. நெல் விளையாமல் வரி இல்லை. நீர் இல்லாமல் நெல் இல்லை. ஆகவே ஏரிகளைச் செப்பனிடுவதில் அவர் முனைந்தார். அருளால் அன்று, ஆதாயத்தால் முனைந்தார். ஆனால் முனைந்தார் என்பது மெய். 1799இல் அவர் எழுதிய நீண்ட அறிக்கை இன்றும் வரலாற்றாசிரியர்களின் கையில் இருக்கிறது.

இப்போது தலக்கதையை மீண்டும் படியுங்கள். ஏரி உடைந்தது, கரையைச் செப்பனிட்டனர், பெருமழை வந்தது, கரை நின்றது. செப்பனிட்ட கரை நிற்பதில் வியப்பென்ன இருக்கிறது? மண் சுமந்தவன் எத்தனை பேர், கரையை மிதித்து இறுக்கியவர் எவர், கொட்டும் மழையில் பந்தம் பிடித்துக் கரைமேல் நடந்தவர் எவர் எவர்? அவர்கள் பெயரைக் கல்லில் பொறிக்கவில்லை. மண் சுமந்த தோளுக்குக் கிடைக்க வேண்டிய புகழ், வில் சுமந்த தோளுக்குப் போயிற்று!

அதே சீமையில், அதே கலெக்டரின் காலத்தில், இன்னொரு நீர்நிலையின் வரலாறும் இருக்கிறது. மதுராந்தகத்துக்கு அருகே வேடந்தாங்கல். ஏறத்தாழ 30 எக்டேர் பரப்புள்ள சிற்றேரி. ஏரிக்குள் கடம்ப மரங்கள், மரமெல்லாம் பறவைகள். நாரை, கொக்கு, நீர்க்காகம், கரண்டிவாயன் எனக் கூட்டங் கூட்டமாக வந்து கூடு கட்டிக் குஞ்சு பொரித்துச் செல்லும் இடம். வெள்ளைக்காரச் சிப்பாய்கள் அந்தப் பறவைகளைச் சுட்டு வீழ்த்தினர். ஊரார் பொறுக்கவில்லை. துப்பாக்கி ஏந்திய கும்பினியிடம் வெறுங்கையோடு சென்று முறையிட்டனர். 1798இல் பிளேசு, பறவைகளைக் காக்கும் உரிமையை ஒப்புக்கொண்டு அவ்வூராருக்குக் கவுல் எழுதிக் கொடுத்தார். காட்டுயிர்ச் சட்டம் என்ற சொல்லே பிறவாத காலத்தில் ஓர் ஊர் பெற்ற உரிமைச் சீட்டு அது!

எந்தத் திருமறை அவர்களுக்கு அதைக் கற்பித்தது? எந்த முனிவர் வந்து உபதேசித்தார்? கற்பித்தது வயல். பறவையின் எச்சம் விழுந்த ஏரி நீர் பாய்ந்தால் பயிர் செழிக்கிறது என்பதை உழவன் கண்டான். கண்டதை மகனுக்குச் சொன்னான். பறவை வந்தால் நெல் வரும். பறவையை விரட்டினால் நெல்லும் போகும். கண்டறிந்து, ஆய்ந்து, கடைப்பிடித்த இந்த முறைக்குப் பகுத்தறிவு என்றல்லாமல் வேறென்ன பெயர் வைப்பது? தலைமுறை தலைமுறையாக ஊரார் காத்தனர். 1936இல் அரசும் அதைப் புகலிடமாக ஏற்றது. 1998இல் ஐந்து கிலோமீட்டர் சுற்றளவு காட்டுயிர்ப் புகலிடமாக அறிவிக்கப்பட்டது. 2020இல் அந்த எல்லையைச் சுருக்க ஒரு முயற்சி எழுந்தபோது எதிர்ப்புக் குரலும் எழுந்தது. 2022இல் உலக நாடுகளின் ராம்சார் ஈரநிலப் பட்டியலில் வேடந்தாங்கல் இடம்பெற்றது.

ஒரே சீமை, ஒரே கலெக்டர். ஓர் இடத்தில் மக்களின் உழைப்பு தெய்வத்தின் கணக்கில் எழுதப்பட்டது. மற்றோர் இடத்தில் மக்களின் அறிவு மக்களின் கணக்கிலேயே நின்றது. முன்னதைத்தான் ஊரெல்லாம் கதையாகச் சொல்கிறோம். பின்னதைப் பள்ளிப் பிள்ளைகள்கூடப் பறவை பார்க்கும் இடமாக மட்டுமே அறிகின்றனர். வகுப்பறையில் நின்று வரலாறு சொல்லும் நமக்கு இதைவிட வருத்தம் தருவது வேறில்லை.

இன்னும் பின்னோக்கிச் செல்வோம். காஞ்சிபுரம் மாவட்டத்து உத்திரமேரூர். முதலாம் பராந்தக சோழன் காலத்தில் 919, 921 ஆகிய ஆண்டுகளில் வெட்டப்பட்ட கல்வெட்டுகள் குடவோலை முறைக்காகப் போற்றப்படுகின்றன. முப்பது குடும்புகள், ஓலையில் பெயரெழுதிக் குடத்திலிட்டுத் தேர்வு, அப்படித் தேர்ந்தவருள் ஆறு பேர் கொண்டது ஏரி வாரியம். பதவிக்காலம் 360 நாள். முன்பு வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவன் மட்டுமன்றி, அவன் உறவினரும் மீண்டும் நிற்க முடியாது. பாருங்கள், ஏரியைக் காக்க அந்த ஊர் நம்பியது மந்திரத்தையன்று; கணக்கை! வேதம் ஓதியவராயினும் கணக்குக் காட்டியே தீர வேண்டும் என்ற அந்தத் தெளிவைப் பாராட்டத்தான் வேண்டும்.

பாராட்டியதோடு நின்றுவிட்டால் நாம் வரலாறு படித்தவராக மாட்டோம். குடத்தில் யாருடைய பெயர் விழுந்தது? வரி கொடுக்கும் கால் வேலிக்கு மேல் நிலம், சொந்த மனையில் வீடு, வேத பாடத்தில் தேர்ச்சி, 35க்கு மேல் 70க்குட்பட்ட வயது. இவை தகுதிகள். வேதமும் அதன் உரையும் கூடுதலாகக் கற்றிருந்தால் அரைக்கால் வேலி போதும் என்று சலுகை! அது பிரமதேயம், பார்ப்பனர் சபை. ஏரியில் இறங்கி வண்டல் வாரியவனுக்கு ஓலையும் இல்லை, குடமும் இல்லை. ஏரி வாரியம் மேலே. ஏரி வாரியவன் கீழே!

அந்தக் கீழே இருந்தவன் யார்? செங்கற்பட்டுச் சீமையில் அவனுக்கு நீர்க்கட்டி என்று பெயர். தோட்டி என்றும் வெட்டியான் என்றும் அழைத்தனர். பெரும்பாலும் சேரியில் பிறந்தவன். மதகைத் திறப்பதும் அடைப்பதும் அவன் பணி. கடைமடை வயலுக்கும் தண்ணீர் போகும்படி பங்கிடுவதும், மழை இரவில் கரையைச் சுற்றிவந்து கசிவு கண்டால் ஊரை எழுப்புவதும் அவனே. தூம்பு அடைத்துக்கொண்டால் நிறைந்த ஏரியில் மூச்சடக்கி மூழ்கி அதைத் திறப்பவனும் அவனே. உயிரோடு மேலே வருவான் என்பதற்கு எந்த உறுதியும் இல்லை. மடை திறந்தவனை மடையன் என்றனர். அந்த ஒலி இன்று நம் வாயில் வசைச் சொல்லாகத் திரிகிறது! ஊர் விளைச்சலில் அவனுக்கும் ஒரு பங்கு நெல் அளக்கப்பட்டது என்பது உண்மைதான். ஆனால் ஊர்க் கிணற்றில் ஒரு குடம் நீர் எடுக்க அவன் மனைவிக்கு உரிமை இல்லை. ஊருக்கே தண்ணீர் அளந்தவன் வீட்டில் தாகம்!

இந்த நிலையை 1891இல் செங்கற்பட்டுக் கலெக்டர் திரெமென்ஹீர் தம் அறிக்கையில் வெளிப்படுத்தினார். அதன் பயனாக 1892இல், இன்று பஞ்சமி நிலம் என்று நாம் அழைக்கும் நில ஒதுக்கீட்டுக்கு ஆணை பிறந்தது. மதுராந்தகத்தை அடுத்த கோழியாளத்தில் பிறந்த இரட்டைமலை சீனிவாசன், 1924இல் சென்னைச் சட்டமன்றத்தில் தீர்மானம் கொண்டுவந்து, பொதுச் சாலையும் பொதுக் கிணறும் குளமும் எல்லார்க்கும் உரியன என்று ஏற்கச் செய்தார். 1927இல் மராட்டிய மண்ணின் மகாடு நகரில் அண்ணல் அம்பேத்கர் ஆயிரக்கணக்கானோருடன் சென்று சவுதார் குளத்து நீரைக் கையில் அள்ளிப் பருகினார். குளத்து நீரைப் பருக ஒரு போராட்டம் தேவைப்பட்ட நாட்டில், "நீரைத் தெய்வமாகப் போற்றினோம்" என்ற பேச்சுக்கு என்ன மதிப்பு?

சாத்திரம் நீரைப் பற்றிப் பேசவே இல்லையா? பேசியிருக்கிறது, மறைக்க வேண்டியதில்லை. நீரில் கழிவைக் கலக்காதே என்று மனு நூல் கூறுகிறது. ஏரியை உடைப்பவனுக்கு மரண தண்டனையும் விதிக்கிறது. அதே மனு நூல், சண்டாளர் ஊருக்கு வெளியே குடியிருக்க வேண்டும் என்றும் விதிக்கிறது. இன்னொன்றும் சொல்கிறது: கலப்பையின் இரும்பு முனை மண்ணையும் மண்வாழ் உயிரையும் புண்படுத்துகிறதாம், ஆதலால் உழவு நல்லோரால் பழிக்கப்பட்ட தொழிலாம்! மண்ணுக்காக இரங்குவதுபோல் தொடங்கி, மண்ணை உழுபவனை இழிவுபடுத்தி முடிகிறது விதி. சோறு மட்டும் வேண்டும். சோறு தந்தவன் வேண்டாம். நம் வள்ளுவரோ மழைக்கு இரண்டாம் அதிகாரத்தையே ஒதுக்கினார். உழவுக்கும் தனி அதிகாரம் வகுத்து உழுபவனை உலகுக்கு அச்சாணியாக வைத்தார். மண்ணையும் மண்ணில் உழைப்பவனையும் சேர்த்து மதிப்பதே மெய்யான சூழல் அறம். ஒன்றை உயர்த்தி மற்றதைத் தாழ்த்துவது அறம் ஆகாது.

மகாபாரதத்தில் காண்டவ வனம் எரிந்த கதை வருகிறது. அக்கினியின் பசி தீர ஒரு காடே கொளுத்தப்படுகிறது. தப்பி ஓடிய விலங்கும் பறவையும் கண்ணனாலும் அருச்சுனனாலும் மீண்டும் நெருப்பில் வீழ்த்தப்படுகின்றன. காட்டை வணங்கு என்பதற்கும் அந்த மரபில் சான்று காட்டலாம். காட்டை எரி என்பதற்கும் காட்டலாம். மேலை நாட்டிலும் இதே நிலைதான். விவிலியத்தின் முதல் அதிகாரம் மனிதனுக்கு மற்ற உயிர்கள்மீது ஆளுகை தருகிறது. இயற்கையின் இன்றைய அழிவுக்கு வேர் அந்த எண்ணத்தில் உண்டு என்று 1967இல் லின் ஒயிட் என்ற வரலாற்றாசிரியர் எழுதியபோது பெரும் விவாதம் எழுந்தது. அடுத்த அதிகாரமோ தோட்டத்தைப் பண்படுத்திக் காக்கச் சொல்கிறது. 2015இல் போப் பிரான்சிசு தம் சுற்றுமடலில், ஆளுகை என்பது கொள்ளையிடும் உரிமை ஆகாது என்று விளக்கினார். அதே ஆண்டில் இசுலாமிய அறிஞர்கள் இசுதான்புல் நகரில் கூடி, மனிதன் இப்பூமியின் பொறுப்பாளனே என்று அறிக்கை வெளியிட்டனர். நல்ல விளக்கங்கள், வரவேற்கிறோம். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். ஏடு மாறவில்லை, எழுத்தும் மாறவில்லை, விளக்கம் மாறியது. ஏன் மாறியது? புகை சூழ்ந்தது, கடல் உயர்ந்தது, அறிவியலார் அளந்து காட்டினர், மனச்சான்று உறுத்தியது. ஆக, எந்த வரியை எடுப்பது, எந்த வரியை விடுப்பது என்று தீர்ப்புக் கூறியது மனித அறிவு. நீதிபதி அறிவாக இருக்க, ஏட்டைச் சாட்சிக் கூண்டிலிருந்து இறக்கி நீதிபதியின் நாற்காலியில் அமர்த்துவானேன்?

"கோயில் காடுகளைப் பார்க்கவில்லையா? தெய்வ அச்சம் அல்லவா மரத்தைக் காத்தது?" என்று நண்பர்கள் கேட்பர். நேர்மையான கேள்வி, நேர்மையாகவே விடை சொல்வோம். ஆம், தமிழ்நாட்டின் பல ஊர்களில் ஐயனார் காடும் அம்மன் தோப்பும் அரிய மரங்களுக்கு அடைக்கலம் தந்துள்ளன. அந்த மரங்களை நாமும் நேசிக்கிறோம். ஆயினும் அச்சம் போட்ட வேலி எல்லைக் கல்லோடு முடிந்தது. தோப்புக்குள்ளே கிளை ஒடித்தால் குற்றம். தோப்புக்கு வெளியே காடே அழிந்தாலும் கேள்வி இல்லை. அதே பக்தி நாளடைவில் சிமெண்டு மண்டபம் கேட்டபோது, தோப்பே வெட்டுப்பட்ட ஊர்களும் உண்டு.

கங்கையைவிடப் புனிதமான ஆறு இந்நாட்டில் உண்டா? 1986இல் கங்கைச் செயல்திட்டம் தொடங்கியது. 2015இல் மீண்டும் ஒரு திட்டத்துக்கு 20,000 கோடி ரூபாய் ஒதுக்கினர். அன்னை என்று அழைத்துக்கொண்டே சாக்கடையைத் திருப்பிவிட்டால், எத்தனை கோடி போதும்? எல்லாப் பாவத்தையும் கழுவும் ஆற்றுக்கு எந்த அழுக்கும் ஒட்டாது என்ற நம்பிக்கைதான் அவளுக்கு எமனாயிற்று. இலண்டன் நகரின் தேம்சைப் பாருங்கள். அதற்கு ஆரத்தி இல்லை, அபிடேகம் இல்லை. 1858 கோடையில் அதன் நாற்றம் நாடாளுமன்றத்தையே மூக்கைப் பிடிக்க வைத்தது. பேசல்கெட் என்ற பொறியாளர் கழிவுநீர்க் குழாய்களை அமைத்தார். மீண்டும் கெட்டது, 1957இல் உயிரற்ற ஆறு என்றே ஆய்வாளர் கைவிட்டனர். சட்டம் இயற்றினர், கழிவுநீரைச் சுத்திகரித்தனர், 1974இல் சால்மன் மீன் திரும்பி வந்தது. மீன் மந்திரத்துக்கு வரவில்லை. உயிர்க்காற்று கலந்த நீருக்கு வந்தது.

நம் தென்சென்னைக்குத் திரும்புவோம். பள்ளிக்கரணைச் சதுப்பு நிலம், சூழ்ந்துள்ள பல ஏரிகளின் வடிகால். அங்கே தேங்கிய நீர் ஒக்கியம் மடுவு வழியாகப் பக்கிங்காம் கால்வாயில் சேர்ந்து, கோவளம் முகத்துவாரத்தில் கடலை அடைகிறது. இயற்கை வகுத்த இந்தப் பாதையின் பெரும்பகுதியை நாம் குப்பை கொட்டியும் கட்டடம் கட்டியும் தூர்த்தோம். 2007இல் ஒரு பகுதி காப்புக்காடாயிற்று. 2022இல் ராம்சார் பட்டியலிலும் ஏறியது. எஞ்சியதையேனும் காத்தாக வேண்டும். நீலாங்கரைக் கடலில் ஆண்டுதோறும் பிள்ளையார் சிலைகள் கரைக்கப்படுகின்றன. சுண்ணச் சாந்துச் சிலைகள் கூடா என்று 2020இல் மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் நெறிமுறை வகுத்தது. கடலைக் காக்க வந்தது வாரியத்தின் விதி. வேதத்தின் விதி அன்று.

குடிமராமத்து என்ற பழைய சொல்லையும் மறவாதீர்கள். ஊர் கூடி ஏரியைச் செப்பனிட்ட முறை அது. 1858இல் ஆங்கில அரசு அதைக் கட்டாய உழைப்புச் சட்டமாக்கியது. தாம்பரத்தை அடுத்த மணிமங்கலம் ஏரியில் 2017இல் தமிழ்நாட்டரசு அதே பெயரில் புதிய திட்டம் தொடங்கியது. பெயர் திரும்பியது நன்று. ஆனால் யார் மண் சுமப்பது, யார் கணக்குப் பார்ப்பது என்ற பழைய பிரிவினை மட்டும் திரும்பி வரக் கூடாது.

ஏனெனில் அது இன்னும் முற்றிலும் போய்விடவில்லை. அன்று ஏரித் தூம்பில் மூழ்கியவனின் பேரன், இன்று அடுக்குமாடிகளின் கழிவுத் தொட்டியில் இறக்கப்படுகிறான். கையால் கழிவகற்றும் பணியை 2013இல் சட்டம் தடை செய்தது. இறந்தோர் குடும்பத்துக்கு 30 இலட்ச ரூபாய் வழங்க வேண்டும் என்று 2023இல் உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. சட்டம் வந்த பின்னும் சாவு நிற்கவில்லை. அவனைத் தொட்டிக்குள் இறக்கிவிட்டு, மேலே அமர்ந்து ஐம்பூதங்களின் பெருமை பேசுவோமானால், நம்மைவிடப் பொய்யர் யார்?

இளைஞர்களே! உங்கள் ஊர் ஏரியின் பெயர் என்ன? அதன் பரப்பு எத்தனை ஏக்கர்? வரத்துக் கால்வாய் எங்கே தொடங்குகிறது, கலங்கல் எங்கே இருக்கிறது, வழிந்த நீர் எங்கே போகிறது? கிராம வரைபடத்தில் நீலமாக இருக்கும் இடம் கண்ணெதிரே என்னவாக இருக்கிறது? தேடிக் கண்டுபிடியுங்கள். கிராமசபையில் எழுந்து கேளுங்கள். தகவல் உரிமைச் சட்டத்தின்கீழ் எழுதிக் கேளுங்கள். ஏரி காக்கும் பணி எல்லார்க்கும் பொது ஆகட்டும்; ஏரி நீரும் எல்லார்க்கும் பொது ஆகட்டும்.

மதுராந்தகத்துக் கரைமேல் அந்த மழை இரவில் நின்ற காவலர் உண்மையில் யார் என்பதை வரலாறு எழுதாமல் விட்டுவிட்டது. பந்தம் ஏந்திய அந்தக் கைகளுக்கு நாம் செலுத்த வேண்டிய கடன் ஒன்று உண்டு. அடுத்த மழை வருமுன் கரைக்குப் போவோம்!